வெள்ளியின் தண்ணீர்

சூரியனுக்கு அருகில் இருப்பதால்தான் வெள்ளி அவ்வளவு சூடு என்று பொதுவாகச் சொல்கிறோம். கணக்குப் போட்டுப் பார்த்தால் அந்தப் பேச்சு நிற்காது. சூரியனிலிருந்து 10.8 கோடி கிலோமீட்டர் தொலைவில் சுற்றும் வெள்ளியின் மேல், பூமியின் மேல் விழுவதைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு வெயில் விழுகிறது என்பது உண்மை. ஆனால் விழுவதில் முக்கால் பங்கை அதன் மேகங்கள் அப்படியே விண்வெளிக்குத் திருப்பிவிடுகின்றன. பூமி திருப்புவது 30 சதவீதம்தான். ஆகமொத்தம் கோள் தனக்குள் வாங்கிக்கொள்ளும் வெயிலை ஒப்பிட்டால், வெள்ளி வாங்குவது பூமியைவிடக் குறைவு. இதை மட்டும் வைத்துப் பார்த்தால் அதன் தரை மைனஸ் 40 டிகிரி செல்சியஸ் அளவில் உறைந்து கிடக்க வேண்டும்.

கிடப்பதோ 464 டிகிரியில். ஈயம் 327 டிகிரியிலேயே உருகிவிடும். சூரியனுக்கு இன்னும் நெருக்கமான புதன்கூடப் பகல் உச்சியில் 430 டிகிரியைத்தான் தொடுகிறது. அதன் இரவு மைனஸ் 180 வரை இறங்குகிறது. வெள்ளியில் இரவானாலும் பகலானாலும், துருவமானாலும் நடுக்கோடானாலும், தரையில் ஏறக்குறைய ஒரே சூடு. தூரத்தைக் காரணம் காட்டி இதை விளக்கிவிட முடியாது. வெள்ளிக்கு என்ன ஆயிற்று என்று கேட்பவர்கள் சூரியனை விட்டுவிட்டு, அங்கே இருந்த கார்பனும் தண்ணீரும் எங்கே போயின என்றுதான் தேட வேண்டும்.

விடியலுக்கு முன் கிழக்கிலோ, பொழுது சாய்ந்தபின் மேற்கிலோ வெள்ளியைப் பார்த்தவர்களுக்கு அதன் ஒளியைப் பற்றி விவரிக்கத் தேவையில்லை. நிலவுக்கு அடுத்து இரவு வானில் மிகப் பிரகாசமாகத் தெரியும் கோள் அதுதான். நகரத்து விளக்குகளும் புகையும் மற்ற விண்மீன்களை விழுங்கிவிட்ட பிறகும் அது மட்டும் தெரியும். அந்த ஒளியைத் தருவது அதன் மேகம். தரையிலிருந்து 48 கிலோமீட்டர் உயரத்தில் தொடங்கி 70 கிலோமீட்டர் வரை, எங்கும் ஒரு திறப்புகூட இல்லாமல் கோளை முழுதாக மூடியிருக்கும் மேகம். அதன் துளிகள் அடர்ந்த கந்தக அமிலம். நாம் காலங்காலமாகப் பார்த்து வியக்கும் வெள்ளி, அந்த அமில மேகத்தின் மேல்தளம் மட்டுமே. சில சமயம் நான்கு கோடி கிலோமீட்டர் அளவுக்கு நெருங்கி வருகிறது. வேறு எந்தக் கோளும் பூமிக்கு அவ்வளவு பக்கத்தில் வருவதில்லை. இருந்தும் 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை அதன் தரையைப் பற்றி மனிதருக்கு ஒன்றுமே தெரியாது.

அளவில் அது பூமியின் உடன்பிறப்பு. பூமியின் குறுக்களவு சராசரியாக 12,742 கிலோமீட்டர், வெள்ளியுடையது 12,104. பூமியின் நிறையில் 81 சதவீதம் அதற்கு உண்டு. இங்கே 60 கிலோ எடை காட்டும் ஒருவர் அங்கே 54 கிலோ காட்டுவார். இரண்டும் ஒரே வாயு வட்டிலிருந்து, ஒரே காலத்தில், ஏறக்குறைய ஒரே வகைப் பாறையிலிருந்து திரண்டவை. அதனாலேயே இந்த வேறுபாடு மனத்தை உறுத்துகிறது.

கலிலியோ 1610இல் தொலைநோக்கியை வெள்ளியின் பக்கம் திருப்பியபோது அது நிலவைப்போல வளர்ந்து தேய்வதைக் கண்டார். பூமியை நடுவில் வைத்த பழைய வானியல் ஆட்டம் கண்டதில் அந்தக் காட்சிக்குப் பெரிய பங்கு உண்டு. ஆனால் வெள்ளியைப் பற்றிய செய்தியாக அதற்கு மேல் எதுவும் கிடைக்கவில்லை. செவ்வாயில் பனித் தொப்பியும் கருந்திட்டுகளும் தெரிந்தன, வியாழனில் பட்டைகள் தெரிந்தன. வெள்ளியில் வெறும் வெண்மை.

அந்த வெண்மை கருமையாகத் தெரியும் தருணம் ஒன்று உண்டு. மிக அரிதாக வெள்ளி நமக்கும் சூரியனுக்கும் நேர் நடுவில் வரும். அப்போது ஒரு சிறு கரும்புள்ளி சூரியனின் முகத்தைக் குறுக்காகக் கடக்கும். இந்த வெள்ளி இடைநகர்வு எட்டாண்டு இடைவெளியில் இருமுறை நடக்கும், பிறகு நூறு ஆண்டுகளுக்கும் மேல் காத்திருக்க வேண்டும். 2004, 2012 என்ற அண்மை இணைக்குப் பிறகு அடுத்தது 2117 டிசம்பரில்தான். உலகின் பல இடங்களிலிருந்து இந்தக் கடப்பின் நேரத்தைத் துல்லியமாக அளந்தால் சூரியனின் தூரத்தைக் கணக்கிட்டுவிடலாம் என்று ஆங்கிலேய வானியலாளர் எட்மண்ட் ஹாலி காட்டியிருந்தார். 1761இல் ஐரோப்பிய வானியலாளர்கள் அதற்காக உலகெங்கும் கப்பலேறினார்கள்.

அவர்களில் ஒருவர் புதுச்சேரிக்குக் கிளம்பிய பிரெஞ்சுக்காரர் கியோம் லெ ஜான்டில். அவர் கதையைச் சொல்லாமல் வெள்ளியைப் பற்றி எழுத எனக்கு மனம் வரவில்லை. 1760 மார்ச்சில் பிரான்சிலிருந்து புறப்பட்டார். பிரான்சும் இங்கிலாந்தும் போரில் இருந்த நேரம். அவர் கப்பல் இந்தியக் கரையை நெருங்கும்போதுதான், புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது தெரிந்தது. கப்பல் திரும்பியது. 1761 ஜூன் 6 அன்று நடுக்கடலில், தெளிந்த வானத்தில், வெள்ளி சூரியனைக் கடப்பதைத் தன் கண்ணாலேயே பார்த்தார். ஆடும் கப்பலில் கடிகாரத்தை நம்ப முடியாது. எடுத்த அளவு எதற்கும் உதவவில்லை. எட்டு ஆண்டுகளில் இன்னொன்று வருமே என்று ஊர் திரும்பாமல் கிழக்கிலேயே தங்கினார். 1768இல் புதுச்சேரி மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசம் இருந்தது. இடிந்த கோட்டையின் மேல் ஒரு வானாய்வு மாடத்தை அமைத்துக்கொண்டு காத்திருந்தார். 1769 ஜூன் 4 விடியலில் மேகம் கவிந்தது. கடப்பு முடிந்த பிறகுதான் வெயில் அடித்தது. பாரிஸுக்குப் போய்ச் சேர்ந்தபோது 1771. இறந்துவிட்டார் என்று முடிவுகட்டி, அறிவியல் கழகத்தில் அவர் இடத்தை இன்னொருவருக்குக் கொடுத்திருந்தார்கள். வாரிசுகள் சொத்தைப் பிரிக்க முனைந்திருந்தார்கள்.

அவர் வெறுங்கையோடு போகவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். புதுச்சேரியில் ஒரு தமிழ்க் கணிதர் சோழிகளை நகர்த்தியபடி, மனப்பாட வாய்பாடுகளைக் கொண்டு கிரகணத்தைக் கணிப்பதை உட்கார்ந்து கற்றுக்கொண்டார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணம் நீடித்த நேரத்தை அந்த முறையில் கணித்தபோது விடை 41 வினாடி குறைந்தது. ஐரோப்பாவின் சிறந்த அட்டவணையான டோபியாஸ் மேயருடையது 68 வினாடி கூடியது. இதை எழுதி வைத்தவர் லெ ஜான்டில்தான்.

நூறாண்டு கழித்து 1874 டிசம்பர் இடைநகர்வு வந்தபோது, சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி பொதுமக்களுக்காக அதை விளக்கி ஒரு சிறுநூல் எழுதினார். அது இந்திய மொழிகளிலும் வெளிவந்தது.

அந்த 1761 ஜூன் நாளிலேயே ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்கில் மிகயீல் லொமொனோசொவ், வெள்ளி சூரிய விளிம்பைத் தொடும்போது தெரிந்த மாற்றங்களைக் கவனித்து, அந்தக் கோளுக்குக் காற்று மண்டலம் இருக்கிறது என்ற முடிவுக்கு வந்தார். முடிவு சரியானது. ஆனால் அதிலிருந்து ஒரு நீண்ட கற்பனை வளர்ந்தது. காற்று இருக்கிறது, மேகம் இருக்கிறது. மேகம் என்றால் தண்ணீர். சூரியனுக்குக் கொஞ்சம் பக்கம் என்றால் வெப்பமண்டலக் காடு. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஸ்வீடன் வேதியியலாளர் ஸ்வாண்டே அர்ரேனியஸ், வெள்ளியை நீர் சொட்டும் சதுப்புநிலமாகவே வர்ணித்தார். கரியமில வாயு பூமியைச் சூடாக்கும் என்று 1896இலேயே கணக்கிட்டுக் காட்டிய அதே அர்ரேனியஸ். அந்தக் கணக்கு வெள்ளியில் எவ்வளவு கொடூரமாகப் பலித்திருக்கிறது என்பதை அறியாமலே அவர் மறைந்தார்.

1932இல் கலிபோர்னியாவின் மவுண்ட் வில்சன் ஆய்வகத்தில் வெள்ளியின் ஒளியைப் பிரித்துப் பார்த்தபோது கரியமில வாயுவின் தடம் தெரிந்தது. தண்ணீரின் தடம் தெரியவில்லை. 1956இல் அமெரிக்கக் கடற்படை ஆய்வகத்தில் கார்னெல் மேயரின் குழு, மேகத்தை ஊடுருவி வரும் ரேடியோ அலைகளைப் பிடித்து வெப்பத்தை அளந்தது. 300 டிகிரி செல்சியஸை ஒட்டி வந்தது விடை. பலரால் நம்ப முடியவில்லை. அலைகள் தரையிலிருந்து வராமல் மேல்காற்றில் பிறந்திருக்கலாம் என்று வாதாடினார்கள். கரியமில வாயுவும் நீராவியும் வெப்பத்தை வெளியேறவிடாமல் பிடித்துவைத்தால் தரை அவ்வளவு கொதிக்க முடியும் என்று 1960இல் கார்ல் சேகன் என்ற இளைஞர் கணக்குக் காட்டினார். 1962 டிசம்பர் 14 அன்று வெள்ளியைக் கடந்து சென்ற மரைனர் 2, சூடு தரையிலிருந்தே வருகிறது என்று உறுதிசெய்தது. வேறொரு கோளின் அருகே சென்று தகவல் அனுப்பிய முதல் விண்கலம் அதுதான்.

அதற்குப் பிறகும் தண்ணீர் ஆசை விடவில்லை. 1967இல் சோவியத் ஒன்றியம் வெனேரா 4 கலத்தை அனுப்பியபோது, ஒருவேளை கடலில் விழுந்தால் மிதக்கட்டும் என்று அதை வடிவமைத்திருந்தார்கள். ஆன்டெனாவை விடுவிக்கும் பூட்டு ஒன்றைச் சர்க்கரையால் செய்திருந்தார்கள். தண்ணீர் பட்டால் கரைந்து திறந்துகொள்ளும் என்று. அக்டோபர் 18 அன்று அது வெள்ளியின் காற்றுக்குள் இறங்கியது. சர்க்கரை கரைய வாய்ப்பே வரவில்லை. 90 சதவீதத்துக்கும் மேல் கரியமில வாயு என்ற செய்தியை அனுப்பிக்கொண்டே இறங்கிய கலம், தரைக்கு இன்னும் இருபது கிலோமீட்டருக்கு மேல் இருக்கும்போதே மௌனமானது.

அங்கே காற்று அவ்வளவு கனம். வெள்ளியின் தரையில் காற்றழுத்தம் பூமியின் கடல்மட்டத்தில் இருப்பதைப்போல 92 மடங்கு. நம் கடலில் 900 மீட்டர் ஆழத்தில் நீர் அழுத்தும் அழுத்தம். அந்த அழுத்தத்திலும் வெப்பத்திலும் கரியமில வாயு, வாயுவுக்கும் திரவத்துக்கும் இடைப்பட்ட ஒரு நிலையை அடைந்துவிடுகிறது. ஒரு கன மீட்டர் காற்று 65 கிலோ இருக்கும். இங்கே ஒரு கிலோ சொச்சம். தரையையொட்டி வீசும் காற்றின் வேகம் மணிக்கு நாலைந்து கிலோமீட்டர்தான்; ஆனால் அவ்வளவு கனமான காற்று மெல்ல நகர்ந்தாலும் சிறு கற்களை உந்தித் தள்ளும்.

சோவியத் பொறியாளர்கள் விடவில்லை. அவர்கள் செய்ததைப் படிக்கும்போதெல்லாம் எனக்குப் பெரும் மரியாதை எழுகிறது. அடுத்தடுத்த கலங்களை இன்னும் கனமான கூட்டில், உள்ளிருக்கும் கருவிகளை முன்கூட்டியே குளிர வைத்து அனுப்பினார்கள். 1970 டிசம்பர் 15 அன்று இறங்கிய வெனேரா 7இன் பாராசூட் பழுதாகி, கலம் தரையில் வேகமாக மோதியது. எல்லாம் முடிந்தது என்றுதான் நினைத்தார்கள். பதிவு நாடாக்களை மீண்டும் அலசியபோது, சாதாரண வலுவில் நூற்றில் ஒரு பங்காக 23 நிமிடம் ஒரு சிக்னல் வந்திருந்தது தெரிந்தது. இன்னொரு கோளின் தரையிலிருந்து மனிதருக்கு வந்த முதல் செய்தி அது. செய்தி ஒரே ஒரு எண்: 475 டிகிரி.

1975 அக்டோபர் 22 அன்று வெனேரா 9 முதல் படத்தை அனுப்பியது. கருப்பு வெள்ளையில், கலத்தின் காலடியில் தட்டையான, கூர் மழுங்காத கற்கள். மேகத்துக்கு அடியில் கும்மிருட்டாக இருக்கும் என்று அஞ்சி விளக்குகளையும் அனுப்பியிருந்தார்கள். அடைமழை நாளின் பகல் அளவுக்கு வெளிச்சம் இருந்தது. 1982 மார்ச் 1 அன்று இறங்கிய வெனேரா 13 வண்ணப் படம் தந்தது. தடித்த காற்று நீல ஒளியை விழுங்கிவிடுவதால் தரையும் வானமும் ஆரஞ்சு நிறம். அரை மணி நேரம் தாங்கினால் போதும் என்று கட்டப்பட்ட அந்தக் கலம் 127 நிமிடம் தாங்கியது. பாறையில் துளையிட்டு, தூளை உள்ளே இழுத்து, அது பசால்ட் வகை எரிமலைப் பாறை என்று சொல்லிவிட்டு ஓய்ந்தது. 1985க்குப் பிறகு யாரும் அந்தத் தரையில் ஒரு கலத்தை இறக்கவில்லை.

முழுக் கோளின் முகத்தையும் காட்டியது ரேடார். 1989இல் அட்லாண்டிஸ் விண்ணோடம் ஏவிய மெகல்லன், 1990 முதல் 1994 வரை வெள்ளியைச் சுற்றி, மேகத்தை ஊடுருவும் ரேடியோ அலைகளால் 98 சதவீதத் தரையைப் படமாக்கியது. எரிமலைகள் ஆயிரக்கணக்கில் இருந்தன. பாகு பரவிக் காய்ந்த சமவெளிகள் கோளின் பெரும்பகுதியை மூடியிருந்தன. பால்டிஸ் வாலிஸ் என்ற எரிகுழம்புக் கால்வாய் 6,800 கிலோமீட்டர் ஓடுகிறது, நைல் நதியைவிட நீளம். விண்கற்கள் மோதிய பள்ளங்கள் ஏறக்குறைய ஆயிரம் மட்டுமே. அவையும் எந்த இடத்திலும் கூடுதல் குறைவில்லாமல் சிதறியிருக்கின்றன. நிலவில் லட்சக்கணக்கில் இருக்க, இங்கே மட்டும் இவ்வளவு குறைவு என்றால் தரை இளையது. சில நூறு மில்லியன் ஆண்டுகளுக்கு முன் பெரும்பாலும் எரிகுழம்பால் புதிதாகப் பூசப்பட்டது என்று பொருள். ஒரேயடியாக நடந்ததா, சிறிது சிறிதாகவா என்ற விவாதம் இன்றும் ஓயவில்லை.

வெள்ளியின் நிலப்பகுதிகளுக்குப் பெண்களின் பெயர்களையே சூட்டுவது பன்னாட்டு வானியல் ஒன்றியத்தின் வழக்கம். அந்த வழக்கத்துக்கு முன்பே பெயர் பெற்ற மாக்ஸ்வெல் மலைத்தொடர் ஒரு விலக்கு; 11 கிலோமீட்டர் உயரம், எவரெஸ்ட்டையும் விஞ்சியது. அதன் மேற்கே விரியும் பீடபூமிக்கு லட்சுமியின் பெயர். அமெரிக்காவில் மருத்துவம் படித்துப் பட்டம் பெற்ற ஆனந்திபாய் ஜோஷியின் பெயரில் ஒரு பள்ளம் இருக்கிறது. தெற்கே, சுமார் 20 கிலோமீட்டர் அகலமான ஒரு பள்ளத்துக்கு ஔவையாரின் பெயர்.

எரிமலைகள் இன்னும் உயிரோடு இருக்கின்றனவா என்ற கேள்விக்கு விடை, மெகல்லன் எரிந்து விழுந்து ஏறக்குறைய முப்பது ஆண்டு கழித்து அதன் பழைய பதிவுகளிலிருந்தே கிடைத்தது. ராபர்ட் ஹெரிக், ஸ்காட் ஹென்ஸ்லி இருவரும் 1991 பிப்ரவரியிலும் அக்டோபரிலும் எடுத்த ரேடார் படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். மாட் மான்ஸ் எரிமலையின் ஒரு வாய், இடைப்பட்ட எட்டு மாதத்தில் ஏறக்குறைய இரு மடங்காக விரிந்து வடிவமும் மாறியிருந்தது. 2023இல் அவர்கள் இதை வெளியிட்டார்கள்.

சுழற்சியும் விசித்திரம்தான். வெள்ளி மற்ற பெரும்பாலான கோள்களுக்கு எதிர்த்திசையில் சுழல்கிறது. சூரியன் மேற்கில் உதிக்கும். தன்னைத்தானே ஒருமுறை சுற்ற 243 பூமி நாள், சூரியனைச் சுற்ற 225 நாள். ஒரு சூரிய உதயத்துக்கும் அடுத்ததற்கும் இடையே 117 நாள். ஆனால் மேல்மேகங்கள் மணிக்கு 360 கிலோமீட்டர் வேகத்தில் நான்கே நாளில் கோளை வலம் வந்துவிடுகின்றன. தரையைவிடக் காற்று அறுபது மடங்கு வேகமாகச் சுற்றுவதைப் புரிந்துகொள்ளத்தான் ஜப்பான் அகாட்சுகி கலத்தை அனுப்பியது. 2010இல் வெள்ளியின் சுற்றுப்பாதையில் நுழைய முடியாமல் தவறிப்போய், ஐந்தாண்டு சூரியனைச் சுற்றி வந்து, 2015 டிசம்பரில் சிறு உந்திகளின் துணையால் அது பாதையைப் பிடித்தது. வந்தவுடனே, பத்தாயிரம் கிலோமீட்டர் நீளமுள்ள ஒரு வில்போன்ற அலை அந்த வேகக் காற்றில் அசையாமல் நிற்பதைக் கண்டது. அடியில் இருக்கும் அப்ரோடைட் மேட்டுநிலத்தில் மோதி எழுந்த காற்றின் அலை மேகத்தின் உச்சிவரை எட்டியிருந்தது.

இனி கார்பனுக்கு வருவோம். வெள்ளியின் காற்றில் 96.5 சதவீதம் கரியமில வாயு. பூமியில் அது நூற்றில் அரைக்கால் பங்குகூட இல்லை. ஆனால் பூமியில் கார்பன் குறைவு என்று இதற்குப் பொருளில்லை. பூமியின் பாறைகளில், குறிப்பாகச் சுண்ணாம்புக்கல்லில், அடைபட்டிருக்கும் கார்பனை எல்லாம் வெளியே எடுத்துக் காற்றில் விட்டால் ஏறக்குறைய வெள்ளியின் காற்று மண்டலம் அளவுக்கு வந்துவிடும். அங்கே வானத்தில் தொங்குவது இங்கே நிலத்தில் புதைந்திருக்கிறது. அரியலூரில் சிமென்ட்டுக்காக வெட்டியெடுக்கும் சுண்ணாம்புக்கல், டைனோசர் காலத்தில் அங்கே இருந்த கடலின் அடியில் படிந்தது. ஒவ்வொரு கல்லிலும் ஒரு காலத்துக் காற்று அடைபட்டிருக்கிறது.

அடைத்து வைத்தது தண்ணீர். மழை, காற்றிலிருக்கும் கரியமில வாயுவைக் கரைத்து மெல்லிய அமிலமாகப் பாறையில் விழுகிறது. பாறை அரிந்து கால்சியம் ஆற்றோடு கடலுக்குப் போகிறது. சிப்பிகளும் நுண்ணுயிர்களும் அதை ஓடாக்கிக்கொண்டு மடிந்து அடியில் படிகின்றன. எரிமலைகள் பழையபடி கொஞ்சத்தைக் காற்றுக்குத் திருப்பித் தருகின்றன. உலகம் சூடேறினால் மழை கூடும், பாறை கூடுதலாக அரியும், வாயு குறையும். பல லட்சம் ஆண்டு அளவில் இயங்கும் இந்தச் சுழற்சி பூமியை வாழத்தக்க வெப்பத்தில் வைத்திருக்கிறது. மழை நின்றுபோன கோளில் எரிமலை உமிழ்வதைத் திரும்ப எடுத்து வைக்க ஆளில்லை. உமிழ்ந்ததெல்லாம் மேலேயே தங்கும்.

இன்று வெள்ளியின் காற்றில் இருக்கும் நீராவியைத் திரட்டித் தரையில் ஊற்றினால் மூன்று சென்டிமீட்டர்தான் நிற்கும். பூமியில் அதே கணக்கு மூன்று கிலோமீட்டர். தொடக்கத்திலிருந்தே இப்படியா? 1978இல் பயனியர் வீனஸ் அனுப்பிய ஆய்வுக் கலம் இறங்கும்போது, அதன் நுழைவாயில் ஒன்றில் கந்தக அமிலத் துளி அடைத்துக்கொண்டது. அந்தத் துளியிலிருந்து வந்த தரவில்தான் விடையின் முதல் துண்டு இருந்தது. ஹைட்ரஜனில் இருவகை உண்டு: சாதாரண ஹைட்ரஜன், அதைப்போல இரு மடங்கு எடையுள்ள டியூட்டீரியம். நம் கடல்நீரில் ஏறக்குறைய 6,400 ஹைட்ரஜன் அணுக்களுக்கு ஒன்று டியூட்டீரியம். வெள்ளியில் அந்த விகிதம் நூறு மடங்குக்கும் மேல்.

முறத்தில் புடைக்கும்போது பதர் பறந்து மணி தங்குவதைப்போலத்தான் இது. நீராவி மேலே ஏறும்; சூரியனின் புற ஊதாக் கதிர் அதை உடைக்கும்; லேசான ஹைட்ரஜன் விண்வெளிக்குத் தப்பும்; கனமான டியூட்டீரியம் பெரும்பாலும் பின்தங்கும். மிஞ்சியதில் டியூட்டீரியம் இவ்வளவு செறிந்திருக்க வேண்டுமானால், இப்போதிருப்பதைப்போல நூறு மடங்குக்கு மேலாவது தண்ணீர் ஒருகாலத்தில் அங்கே இருந்து பறந்திருக்க வேண்டும்.

இருந்தது சரி, எந்த வடிவில்? இங்கேதான் இன்றைய ஆய்வு இரண்டாகப் பிரிந்து நிற்கிறது. நாசாவின் கோடார்ட் நிறுவனத்தில் மைக்கேல் வேயின் குழு 2016இல் வெளியிட்ட கணிப்பில், மெதுவாகச் சுழலும் இளம் வெள்ளியின் பகல் பக்கத்தில் தடித்த மேகக் குடை எழுகிறது. அது வெயிலை மறித்து, ஆழம் குறைந்த கடல்களை நூறு கோடி ஆண்டுகளுக்கும் மேல் காப்பாற்றுகிறது. பின்னர் பெரும் எரிமலை வெடிப்புகள் கரியமில வாயுவைக் குவித்துக் கோளைக் கெடுக்கின்றன. ஜெனீவாவில் மார்ட்டின் டர்பேயின் குழு 2021இல் எதிரான விடையைக் கொண்டுவந்தது. எல்லாப் பாறைக் கோள்களும் பிறக்கும்போது உருகிய நிலையில், ஆவி சூழத்தான் இருக்கின்றன. அந்தக் கொதிநிலையில் மேகங்கள் பகல் பக்கத்தில் உருவாகாமல் இரவுப் பக்கத்தில் மட்டும் உருவாகி, வெப்பம் வெளியேறுவதைத் தடுக்கின்றன. கோள் ஆறவே இல்லை. ஆவி ஒரு நாளும் மழையாகவில்லை. கடல் ஒரு நாளும் இருந்ததில்லை.

டர்பேயின் கணக்கில் பூமியைப் பற்றிய ஒரு வரியும் இருக்கிறது, படித்த நாளிலிருந்து அது என்னை விடவில்லை. இளமையில் சூரியன் இன்றைய ஒளியில் எழுபது சதவீதம் அளவே பிரகாசித்தது. அந்த மங்கல்தான் பூமியின் ஆவி குளிர்ந்து கடலாக வழிவிட்டதாம். தொடக்கத்திலேயே சூரியன் இன்றைய அளவு பிரகாசித்திருந்தால் இங்கேயும் ஆவி ஆவியாகவே நின்றிருக்கும்.

2024 இறுதியில் கேம்பிரிட்ஜ் ஆய்வாளர்கள் வேறு பக்கத்திலிருந்து வந்தார்கள். வெள்ளியின் காற்றிலிருந்து அழிந்துகொண்டே இருக்கும் வாயுக்களை எரிமலைகள் ஈடுகட்ட வேண்டுமல்லவா? அந்தக் கணக்கைப் போட்டால், எரிமலைகள் உமிழ்வதில் நீராவி அதிகம் போனால் ஆறு சதவீதம். பூமியின் எரிமலைகள் பெரும்பாலும் நீராவியைத்தான் உமிழ்கின்றன. வெள்ளியின் உட்புறமே வறண்டது என்றால் கடல் கட்சிக்கு அது பலத்த அடி. என் மனம் வேயின் பக்கம் சாய்ந்தாலும், இப்போதைக்குச் சான்றுகள் டர்பேயின் பக்கம் சாய்வதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

தரை இப்படி என்றால், மேகங்களின் உயரத்தில் வேறொரு உலகம். தரையிலிருந்து 50 முதல் 55 கிலோமீட்டர் உயரத்தில் அழுத்தமும் வெப்பமும் ஏறக்குறைய நம் ஊர் அளவுக்கு இறங்கிவிடுகின்றன. 1985 ஜூனில் சோவியத் வேகா கலங்கள் அங்கே இரண்டு பலூன்களைப் பறக்கவிட்டன. ஒவ்வொன்றும் இரண்டு நாள் அளவுக்கு மிதந்து தகவல் அனுப்பியது. 2020இல் அந்த மேகங்களில் பாஸ்பீன் வாயு இருப்பதாக வந்த அறிவிப்பு உயிர் இருக்குமோ என்ற பேச்சைக் கிளப்பியது. அளவீட்டின் மீதே கேள்விகள் எழுந்து அது இன்னும் தீரவில்லை. கந்தக அமிலத்தில் தண்ணீர் அவ்வளவு குறைவாக இருக்கும்போது, நமக்குத் தெரிந்த எந்த உயிரும் அதில் தாங்காது.

கடல் இருந்ததா என்ற வழக்கைத் தீர்க்கக்கூடிய சாட்சி பாறையில்தான் இருக்க வேண்டும். வெள்ளியின் பெரும்பகுதியைப் புது எரிகுழம்பு மூடிவிட்டாலும், டெசெரா எனப்படும் மடிப்பு மடிப்பான மேட்டுநிலங்கள் அதற்கு மேலே தலைநீட்டி நிற்கின்றன. கோளின் மிகப் பழைய தரை அவைதான். கருங்கல் பாறை பெருமளவில் உருவாகத் தண்ணீர் வேண்டும். பூமியின் கண்டங்களுக்கு அடித்தளமாக இருப்பது அந்த வகைப் பாறை. கடலடித் தரையோ பசால்ட். வீனஸ் எக்ஸ்பிரஸ் என்ற ஐரோப்பியக் கலம், மேகத்தைத் தாண்டிவரும் சில அகச்சிவப்பு அலைகளில் ஆல்ஃபா ரீஜியோ என்ற டெசெராவைப் பார்த்தபோது, அது சுற்றியுள்ள சமவெளியிலிருந்து வேறுபட்டிருப்பதாக ஒரு குறிப்பு கிடைத்தது.

இந்திய விண்வெளி ஆய்வு நிறுவனத்தின் வெள்ளி சுற்றுக்கலத்துக்கு மத்திய அமைச்சரவை 2024 செப்டம்பரில் 1,236 கோடி ரூபாய் ஒதுக்கியது. 2028 மார்ச்சில் ஏவத் திட்டம், மேகத்துக்கு அடியில் பார்க்க ரேடாரும் அதில் உண்டு. ஐரோப்பாவின் என்விஷன், நாசாவின் வெரிடாஸ் இரண்டும் கோளின் பாறை வகைகளை மேலிருந்து வரைபடமாக்கத் திட்டமிடப்பட்டவை. நாசாவின் டாவின்சி ஒரு கோளத்தைக் காற்றுக்குள் போடும். ஒரு மணி நேரம் இறங்கும் வழியெல்லாம் ஹைட்ரஜன் விகிதத்தையும், எதனோடும் சேராமல் அன்றிருந்தபடியே தங்கும் மந்த வாயுக்களையும் அது அளக்கும். மேகத்தைத் தாண்டியதும் கீழ்நோக்கிப் படமெடுக்கும். அது விழுவதற்குத் தேர்ந்தெடுத்திருக்கும் இடம் ஆல்ஃபா ரீஜியோ. அங்கே இருப்பது கருங்கல் என்று தெரியவந்தால் வேயின் கடல்களுக்கு முதல் நேரடிச் சான்று கிடைக்கும். பசால்ட்டே என்றால், அந்த மேட்டில் ஒருபோதும் மழை பெய்ததில்லை என்ற டர்பேயின் விடை வலுப்படும்.